பிறப்புச் சான்றிதழ் இல்லையென்று பிள்ளையைப் பட்டினி போடலாமா?

கேள்வி: தென்னாப்பிரிக்காவில் ஸ்டாங்கர் பக்கம் கரும்புத் தோட்டத்து ஊரில் இருக்கிறோம். என் நாத்தனாருக்கு 57 வயது, தோட்டத்து வேலையும் போய்விட்டது. மகள் இறந்தபின் பேரப்பிள்ளைகள் இருவரையும் அவர்தான் வளர்க்கிறார். பல நாள் ராத்திரி அடுப்பு எரிவதில்லை. சின்னவனுக்குப் பிறப்புச் சான்றிதழ் இல்லை. பிள்ளைகளுக்கு அரசு மாதாமாதம் தரும் உதவிப் பணமான கிராண்ட் கேட்டுப் போனால், "பேப்பரோடு வா" என்று வாசலிலேயே திருப்பி அனுப்புகிறார்கள். பட்டினியைத் தடுக்கும் கடமை அரசுக்கு இல்லையா?

பதில்: உண்டு, அம்மா. தென்னாப்பிரிக்க அரசியல் சாசனத்தின் 27ஆம் பிரிவு போதிய உணவையும், தன்னைத் தானே காத்துக்கொள்ள முடியாதவருக்குச் சமூக உதவியையும் உரிமையாகத் தருகிறது. "இருக்கிற வளத்துக்குள், படிப்படியாக" என்ற வரம்பு அங்கே உண்டு. 28ஆம் பிரிவில் பிள்ளைகளின் அடிப்படை ஊட்டத்துக்கு அந்த வரம்பு எழுதப்படவில்லை. ஆனாலும் பிள்ளையைக் காக்கும் முதல் பொறுப்பு குடும்பத்துக்குத்தான் என்று அரசியல் சாசன நீதிமன்றம் 2000ஆம் ஆண்டு குரூட்பூம் வழக்கில் சொன்னது. அதனால் கவுண்டரில் சாசனத்தைப் பேசுவதைவிட, 2004ஆம் ஆண்டின் சமூக உதவிச் சட்டத்தைப் பிடித்துக்கொள்வதே உங்களுக்குப் பலன் தரும்.

வாய்வார்த்தையாகத் திருப்பி அனுப்பியதுதான் இங்கே பெரிய கேடு. விண்ணப்பமே பதிவாகவில்லை, அதனால் மேல்முறையீட்டுக்கும் வழியில்லை. கிராண்ட் விண்ணப்பித்த தேதியிலிருந்துதான் கணக்காகும். திரும்பி வரும் ஒவ்வொரு முறையும் பிள்ளையின் பணம் போகிறது. அடுத்த முறை, "ஃபாரத்தை நிரப்பி வாங்கிக்கொள்ளுங்கள், தேதி முத்திரை போட்ட ரசீது கொடுங்கள்" என்று கேட்கச் சொல்லுங்கள். விண்ணப்பத்துக்குக் கட்டணம் கிடையாது.

பெரிய பிள்ளைக்கு அன்றே விண்ணப்பிக்கலாம், சின்னவனுக்காகக் காத்திருக்க வேண்டாம். சின்னவனுக்கு அந்தச் சட்டத்தின் விதிமுறை 11(1) இருக்கிறது: சான்றிதழ் இல்லாவிட்டாலும், கிராண்ட் வழங்கும் அரசு நிறுவனமான சாசாவின் அஃபிடவிட் (சத்தியக் கடுதாசி) படிவத்தில் சத்தியம் செய்து விண்ணப்பிக்கலாம். போலீஸ் ஸ்டேஷனில் இலவசமாகக் கையெழுத்து வாங்கலாம். கூடவே தடுப்பூசி போட்ட கிளினிக் புத்தகம், பள்ளித் தலைமையாசிரியர் கடிதம் எதுவிருந்தாலும் வையுங்கள். ஹோம் அஃபேர்ஸில் பிறப்பைப் பதிய விண்ணப்பித்த ரசீதையும் எடுத்துப் போங்கள், கட்டாயம் கேட்பார்கள். பாட்டி பிள்ளைகளை வளர்ப்பவர் என்பதே போதும், கோர்ட் உத்தரவு தேவையில்லை. 2025 ஏப்ரல் கணக்கில் பிள்ளைக்கு மாதம் 560 ரேண்ட்.

பணம் வரும்வரை என்ன சாப்பிடுவது? பலர் கேட்காமலே விட்டுவிடுவது இதைத்தான். கிராண்ட் முடிவுக்குக் காத்திருக்கும் வறிய குடும்பத்துக்கு, இடர்கால உதவியாக உணவுப் பொட்டலமோ வவுச்சரோ மூன்று மாதம் தரச் சட்டத்தில் இடமுண்டு. சிலருக்கு இன்னும் மூன்று மாதம் நீட்டிக்கலாம். அதே நாளில், தனி ஃபாரத்தில் கேளுங்கள். வருமானம் இல்லாத பெரியவர்களுக்கு அரசு மாதம் தரும் 370 ரேண்ட் உதவிக்கும் நாத்தனார் தனக்காக விண்ணப்பிக்கலாம். அவருடைய வங்கிக் கணக்கில் மாதம் 624 ரேண்டுக்கு மேல் வந்தால், அது உறவினர் அனுப்பியதாக இருந்தாலும், நிராகரிப்பு வருகிறது. அப்படி வந்தால் உடனே மேல்முறையீடு செய்யுங்கள்.

எந்த மறுப்பானாலும் காரணத்தை எழுத்தில் கேளுங்கள். மறுப்பு தெரிந்த நாளிலிருந்து 90 நாளுக்குள் மேல்முறையீடு செய்தாக வேண்டும். ரசீதையும் அஃபிடவிட் நகலையும் எடுத்துக்கொண்டு அரசின் சட்ட உதவி அமைப்பான லீகல் எய்டுக்குப் போனால், வசதியில்லாதவருக்கு வக்கீல் இலவசம்.