பூச்சி போனால் போகட்டுமே என்கிறவர்களுக்கு

கேள்வி (குலசேகரம்): அண்ணாச்சி, பூச்சியினம் குறையுதுன்னு சொல்லுதாங்க. எங்க ரப்பர் விளையில வருசம் தவறாம தேன்பெட்டி வந்து இறங்குதே?

பதில்: பெட்டித் தேனீ நாம வளர்க்கிற ஆடுமாடு மாதிரி. பால்மாடு பெருகினா காட்டுல மான் பெருகிட்டுன்னு சொல்ல முடியுமா? ஜெர்மனியில 63 பாதுகாக்கப்பட்ட இடங்கள்ல பறக்கும் பூச்சிகளைப் பிடிச்சு 27 வருசம் எடை பார்த்தாங்க. 2017இல் வெளியான முடிவுப்படி முக்கால் பங்குக்கு மேல குறைவு. இத்தனைக்கும் அது காப்பாத்தி வச்ச இடம்.

ரப்பர்த் தேன் பூவிலிருந்து வர்றதில்ல. இலை உதிர்ந்து தளிர்க்கும்போது, மூணு இலையும் கூடுற காம்பு நுனியில ஊறுற இனிப்புதான் அது. அதுல மகரந்தம் கிடையாது. புழு வளர மகரந்தம் வேணும். அதுக்குத் தேனீ தென்னையையும் வேலியோரச் செடியையும் தேடித்தான் போகணும். எல்லாத்தையும் வெட்டி ரப்பரே வச்சா?

கேள்வி (பூதப்பாண்டி): பாவலும் புடலையும் பூக்குது, காய் பிடிக்கல. காலையில மருந்து அடிக்கேன்.

பதில்: காலையில விரியிற பாவலுக்குத் தேனீ வர்ற நேரமே அதுதான். 'சாயங்காலம் அடி' என்பாங்க. பாவலுக்குச் சரி, புடலைக்கு ஆகாது. புடலை இருட்டுற நேரத்துல விரியும், அதுக்கு வர்றது அந்துப்பூச்சி. நீங்க அடிக்கிறது இமிடாகுளோபிரிட், தயாமீத்தாக்சாம் வகைப் பூச்சிமருந்தா இருந்தா நேரம் பார்த்தும் முழுசாத் தப்ப முடியாது. செடிக்குள்ள ஏறி மகரந்தத்திலயும் தேனிலயும் வந்திரும். திறந்தவெளியில இவற்றை ஐரோப்பிய ஒன்றியம் 2018இல் தடை பண்ணிச்சு. இப்போதைக்கு ஆண்பூவைப் பறிச்சுப் பெண்பூவுல தொட்டு விடுங்க. ஓசியில நடந்த வேலைக்கு இனி உங்க கூலி.

கேள்வி (தேரூர்): கொசுவும் பூச்சிதானே, ஒழியட்டுமே!

பதில்: மருந்துக்கு முதல்ல ஒழியிறது கொசு இல்ல, தட்டான். கொசு சிரட்டைத் தண்ணியில கூடப் பெருகிரும். அதோட புழுவைத் தின்னுற தட்டான் குஞ்சுக்கோ நல்ல குளம் வேணும்.

கேள்வி (மார்த்தாண்டம்): தொண்ணூறுகள்ல பெட்டி பெட்டியாத் தேனீ செத்துதே, அதுவும் மருந்தாலா?

பதில்: இல்ல. தாய்லாந்து சாக்புரூட்ங்கிற வைரஸ் நோய். 1991-92இல் தென்னிந்தியா முழுக்க அடிச்சது. புழு பை மாதிரி வீங்கிச் சாகும். எல்லாச் சாவையும் மருந்து தலையில கட்டாதீங்க. தப்பிப் பிழைச்ச கூட்டங்களை வச்சுத்தான் தொழில் மறுபடி எழும்பிச்சு.

கேள்வி (கருங்கல்): வீட்டுல என்ன செய்ய?

பதில்: களைக்கொல்லி வேண்டாம், தும்பையை விட்டு வைங்க. பழைய சுவர்ப் பொந்துல கொசுத்தேனீ இருந்தா சிமெண்ட் பூசி அடைக்காதீங்க, அது கொட்டாது. அந்துப்பூச்சிக்காக முற்றத்து விளக்கை ராத்திரி அணைச்சிருங்க.