துரோகம் என்றால் அது அந்த ஒரு டாலரில் இல்லை

கேள்வி: 1930-களில் அமெரிக்க அதிபர் ஃபிராங்க்ளின் ரூஸ்வெல்ட் கொண்டுவந்த சி.சி.சி. (காடு, பூங்காக்களில் வேலை கொடுத்த இளைஞர் திட்டம்) திட்டத்தை நடத்தியவர் ராபர்ட் ஃபெக்னர் என்ற தொழிற்சங்கத் தலைவர். நாளுக்கு ஒரு டாலர் கூலித் திட்டத்துக்கு அவர் தலைமை ஏற்றது தொழிலாளர்களுக்குச் செய்த துரோகம்தானே?

நீங்களும் சங்கத்தில் இருப்பவர் என்று நினைக்கிறேன். இல்லாவிட்டால் இவ்வளவு கோபம் வராது. துரோகம் என்ற இதே வார்த்தையை என் முகத்துக்கு நேராகவும் சொல்லியிருக்கிறார்கள். அதனால்தான் எழுதுகிறேன்.

கோயம்புத்தூரில் லேத் பட்டறையில் தொழில் பழகியவன் நான். வர்ஜீனியாவுக்கு வந்து 19 வருஷமாக மெஷினிஸ்ட். ஃபெக்னரும் மெஷினிஸ்ட்தான். 16 வயதில் படிப்பை விட்டு, ஜார்ஜியாவில் ரயில்வே பட்டறையில் தொழில் கற்று, மெஷினிஸ்ட் சங்கத்தின் துணைத் தலைவராக ஏறக்குறைய 20 வருஷம் இருந்தவர்.

1933-ல் இந்தத் திட்டம் வந்தபோது தொழிற்சங்கக் கூட்டமைப்பின் தலைவர் வில்லியம் கிரீன் கடுமையாக எதிர்த்தார். ஒரு டாலர் கூலி மற்றவர்களின் கூலியையும் கீழே இழுத்துவிடும், பையன்களை ராணுவத்தின் கையில் கொடுக்கிறீர்கள் என்றார். பயம் நியாயமானதுதான். அதைத் தணிக்கத்தான் ரூஸ்வெல்ட் ஏப்ரலில் ஃபெக்னரை இயக்குநர் ஆக்கினார். ஆனால் மாதம் 30 டாலரோடு சாப்பாடு, துணி, தங்குமிடம், வைத்தியம் எல்லாம் உண்டு. அந்த 30-ல் சுமார் 25 டாலர் நேராக வீட்டுக்குப் போனது. வேலை போன அப்பா இருந்த வீட்டில் அந்தப் பணத்தில்தான் அடுப்பு எரிந்தது. ஆள் எடுப்பது தொழிலாளர் துறை, முகாம் நடத்துவது ராணுவம், வேலை கொடுப்பது விவசாயத் துறையும் உள்துறையும். இவர்களை ஒன்றாக இழுத்து அந்த ஜூலைக்குள் சுமார் இரண்டரை லட்சம் பேரை முகாமில் சேர்த்தார்கள். வருஷக்கணக்காகப் பேச்சுவார்த்தை மேஜையில் உட்கார்ந்து பழகிய ஆளுக்குத்தான் அது வரும்.

என் விஷயத்துக்கு வருகிறேன். எங்கள் பகுதி நிர்வாகம் கோடை விடுமுறையில் பள்ளிப் பிள்ளைகளை வைத்து நடைபாதை சீர்செய்யும் திட்டம் ஒன்று போட்டது. 14 பேருக்கு என்னை மேற்பார்வையாளராகக் கூப்பிட்டார்கள். ஒத்துக்கொண்டேன். "குறைந்த கூலிக்கு ஆள் சேர்த்துக் கொடுக்கிறாயா?" என்று சங்கக் கூட்டத்திலேயே ஒருவர் கேட்டார். பதில் சொல்ல வாய் வரவில்லை. ஆனால் போன முதல் நாளே, கையுறையும் பூட்ஸும் வராமல் ஒருவரும் மண்வெட்டியைத் தொடக்கூடாது என்று சொல்லிவிட்டேன். முதல் சம்பளம் தள்ளிப்போனபோது, காசோலை கையெழுத்தாகும் வரை அலுவலகத்தில் போய் உட்கார்ந்தேன். சங்கத்தில் கற்றது அது. வேறு யாராவது அந்த இடத்தில் இருந்திருந்தால் உட்கார்ந்திருப்பாரா?

14 பேர் எங்கே, மொத்தமாக 25 லட்சத்துக்கும் மேல் வேலை பார்த்த சி.சி.சி. எங்கே என்று கேட்பீர்கள். அளவை ஒப்பிடவில்லை. அந்த நாற்காலியில் யார் உட்கார வேண்டும் என்பதைச் சொல்கிறேன்.

இதையும் சொல்லிவிடுகிறேன். என் மகனும் அந்த 14 பேரில் ஒருவன். தெரிந்த தமிழ்க் குடும்பங்களில் அதை இளக்காரமாகப் பேசினார்கள். "கோடிங் வகுப்புக்கு அனுப்பாமல் மண் வெட்ட விட்டீங்களே அண்ணா" என்றார் ஒரு தம்பி. அதே குடும்பங்கள்தான் வருஷா வருஷம் இங்கே வர்ஜீனியா மலைமேல் போகும் ஸ்கைலைன் சாலைக்குப் போய், சி.சி.சி. பையன்கள் கட்டிய கல் சுவரில் சாய்ந்து படம் எடுத்துக்கொள்கின்றன. எனக்கு அது இன்னும் வலிக்கிறது.

சரி, ஃபெக்னரை முழுக்கத் தாங்கிப் பேசுகிறேன் என்று நினைக்க வேண்டாம். இனம், நிறம், மதம் பார்த்துப் பாகுபாடு கூடாது என்று அந்தச் சட்டத்திலேயே இருந்தது. அன்றைக்கு அமெரிக்க நாடாளுமன்றத்தில் இருந்த ஒரே கறுப்பின உறுப்பினர் ஆஸ்கர் டி பிரீஸ்ட் சேர்த்த வரி அது. அப்படியிருந்தும் 1935-ல் கறுப்பினப் பையன்களைத் தனி முகாம்களில் வைக்க ஃபெக்னர் உத்தரவு போட்டார். பிரித்து வைப்பது பாகுபாடு ஆகாது என்றும் வாதாடினார். காலம் அப்படி என்பார்கள். அவர் வளர்ந்த மெஷினிஸ்ட் சங்கமே 1948 வரை கறுப்பினத்தவரைச் சேர்க்காத சங்கம், உண்மைதான். ஆனால் சட்டமும் அதே காலத்தில் எழுதியதுதானே? துரோகம் என்ற வார்த்தையை இங்கே போடுங்கள், நானும் கூடச் சேர்ந்து சொல்கிறேன்.

நானும் அதைச் செய்தேன். இரண்டாவது வாரம் பையன்களுக்குள் அடிதடி. தொல்லை வேண்டாம் என்று ஸ்பானிஷ் பேசும் ஐந்து பேரைத் தனியாக மேட்டுப் பக்கம் அனுப்பினேன். சண்டை நின்றது. நல்ல முடிவு என்றே நினைத்தேன். மூன்றாம் நாள் சாயங்காலம் அவர்களில் ஒருவன் வந்து, "எங்கள் பக்கம் மட்டும் ஏன் எல்லாம் பாறை?" என்று கேட்டான். போய்ப் பார்த்தேன். பாறைதான். நான் கவனிக்கவே இல்லை.

மறுநாள் காலையிலேயே எல்லோரையும் கலந்து நிறுத்தினேன். ஃபெக்னருக்கு அந்த உத்தரவுக்குப் பிறகு நாலு வருஷத்துக்கு மேல் இருந்தது. 1939 டிசம்பர் 31 அன்று பதவியில் இருக்கும்போதே இறந்தார். அதுவரை அதை மாற்றவில்லை.