ஒருபக்கம் சாய்ந்து நீந்தும் ஆமை

கேள்வி: எங்கள் சிவப்புக் காது ஆமைக்கு 4 வயது. தொட்டி ஏசி அறையில் இருக்கிறது. ஓடு உரிகிறது, மூக்கில் குமிழி வருகிறது, 4 நாட்களாகச் சாப்பிடவில்லை. தினமும் காய்ந்த இறால்தான் போடுகிறோம். இணையத்தில் பார்த்து டெட்ராசைக்ளின் மாத்திரையைத் தண்ணீரில் கரைத்துவிட்டேன். இப்போது ஒருபக்கமாகச் சாய்ந்து நீந்துகிறது, பார்க்க வேடிக்கையாக இருக்கிறது. இந்தச் சளி என் மகளுக்குத் தொற்றுமா?
- வாசகி, சென்னை

பதில்: தொற்றாது. தொட்டியில் கைவிட்டால் சோப்புப் போட்டுக் கழுவச் சொல்வது, வயிற்றுப்போக்கு தரும் சால்மொனெல்லா கிருமிக்காக. நன்றாக இருக்கும் ஆமையிடமும் அது உண்டு. ஓடு மெல்லிய தகடுகளாக உரிவது வளரும் ஆமைக்கு இயல்புதான், விட்டுவிடுங்கள்.

எனக்குக் கவலை தந்தது, நீங்கள் வேடிக்கை என்று எழுதிய அந்த ஒரு வரி.

ஆமையின் இரண்டு நுரையீரல்களும் முதுகோட்டின் அடியில் ஒட்டிக் கிடக்கின்றன. அது மிதப்பதே அவற்றில் இருக்கும் காற்றால்தான். ஒன்றில் சளி கோத்தால் அந்தப் பக்கம் கனத்துத் தாழும், மற்றப் பக்கம் மேலே தூக்கும். நெஞ்சுக்கும் வயிற்றுக்கும் நடுவில் இருக்கும் மூச்சுத் தசையான உதரவிதானம், நம்மைப் போல ஆமைக்குக் கிடையாது. இருமிச் சளியைத் துப்ப அதற்கு வராது. கோத்தது உள்ளேயே தங்கிவிடும். குமிழியும் பட்டினியும் சேர்ந்திருப்பதால் நிமோனியா என்றே நினைக்கிறேன். வயிற்றில் வாயு சேர்ந்தாலும் சாயலாம். எக்ஸ்ரே பிரித்துக் காட்டிவிடும். முன்னாலிருந்து ஒரு படம் எடுக்கச் சொல்லுங்கள், அதில்தான் இரண்டு நுரையீரல்களையும் அருகருகே ஒப்பிட முடியும். வேப்பேரி கால்நடை மருத்துவக் கல்லூரி மருத்துவமனை உங்கள் ஊரிலேயே இருக்கிறது. ஈரத்துணி விரித்த பெட்டியில் கொண்டுபோங்கள், வாளித் தண்ணீரில் வேண்டாம்.

தொட்டியில் கரைத்த டெட்ராசைக்ளின் நுரையீரலுக்குப் போய்ச் சேராது. வடிகட்டியில் இருக்கும் நல்ல பாக்டீரியாவைக் கொன்று தண்ணீரைக் கெடுத்ததுதான் மிச்சம். தண்ணீரை மாற்றுங்கள். அடுத்து ஐவர்மெக்டின் போடச் சொல்லி எவராவது எழுதியிருப்பார்கள். மாட்டுக்கும் நாய்க்கும் கொடுக்கும் அந்த மருந்து ஆமையைக் கொன்றுவிடும். இதற்கு வேண்டியது ஊசி. மருந்தைப் பொறுத்து 3 நாட்களுக்கு ஒன்று என்று வாரக்கணக்கில்கூடப் போகும். நடுவில் ஆமை தேறிவிட்டது என்று நீங்களாக நிறுத்தக் கூடாது.

உங்கள் கடிதத்தில் ஹீட்டர் என்ற சொல்லே இல்லை. உடம்பு குளிர்ந்தால் ஆமையின் எதிர்ப்புச் சக்தியும் படுத்துவிடும். தண்ணீர் 27 டிகிரியில் இருக்கட்டும், ஏறி உட்கார ஒரு காய்ந்த மேடையும் மேலே வெப்ப விளக்கும் வேண்டும். காய்ந்த இறாலையே தின்றால் வைட்டமின் ஏ குறைந்து மூச்சுப்பாதையின் உள்தோல் கெட்டுப்போகும். உணவை மாற்றுவதைப் பிறகு பேசலாம். இப்போது எதையும் வாயில் திணிக்காதீர்கள்.

நிற்கும்போது தலை வெளியே இருக்கும் அளவுக்குத் தண்ணீரைக் குறையுங்கள். நோயுற்ற ஆமை மூழ்கியும் சாகும். கழுத்தை நீட்டி, வாயைத் திறந்து மூச்சு வாங்கினால் நாளைக் காலை வரை காத்திருக்காமல் அப்போதே கிளம்புங்கள்.