பேய்வீட்டிற்குப் பிறகு தொடரும் அச்சம்

கேள்வி: என் 17 வயது மகள் சென்ற அக்டோபரில் தோழிகளோடு செந்தோசாவில் கேளிக்கைக்காக அமைத்த பேய்வீடு ஒன்றுக்குச் சென்று, நெஞ்சு படபடத்து விரல்கள் மரத்ததால் பாதியிலேயே ஓடிவந்துவிட்டாள். அதிலிருந்து மின்தூக்கியில் தனியாக ஏறுவதில்லை. விளக்கை அணைத்தால் உறங்குவதில்லை. மீண்டும் அங்கேயே அழைத்துச் சென்றால் பயம் தெளியும் என்கிறார் கணவர். மாமியார் கயிறு மந்திரித்துக் கட்டச் சொல்கிறார். என்ன செய்யலாம்? – வாசகி, யீஷூன், சிங்கப்பூர்

பதில்: பேய்வீட்டிற்கு இப்போது அழைத்துச் செல்ல வேண்டாம், சகோதரி. அச்சத்தை எதிர்கொண்டால்தான் அது குறையும் என்று உங்கள் கணவர் கருதுவது சரியே. ஆனால் மகள் தானே இசைந்து, தன்னால் தாங்கக்கூடிய அளவில், பதற்றம் தணியும்வரை விலகாமல் நின்றால்தான் அது பலிக்கும். வற்புறுத்தலால் சென்று மறுபடியும் ஓடிவந்தால், ஓடியதால்தான் தப்பினோம் என்ற எண்ணமே அவள் மனத்தில் இன்னும் ஆழமாகப் பதியும்.

அன்று உடலில் நடந்ததை முதலில் அவளுக்கு விளக்குங்கள். திடுக்கிடும்போது சிறுநீரகங்களின் மேலுள்ள சுரப்பிகள் அட்ரினலினைச் சுரப்பதால் இதயம் விரைந்து துடிக்கிறது. மூச்சு அளவுக்கு மீறி வாங்குவதால் இரத்தத்தில் கரியமில வாயு குறைந்து, விரல்கள் மரத்து, தலை கிறுகிறுக்கிறது. இந்தப் பதற்றம் பெரும்பாலும் 10 நிமிடங்களுக்குள் உச்சத்தைத் தொட்டுத் தானாகவே இறங்கும். தன் உடலுக்கு ஏதோ நேர்ந்துவிட்டது என்று அஞ்சும் பிள்ளைக்கு இதை அறிவது பெரும் ஆறுதல்.

அன்றாட வாழ்வை முடக்குவது மின்தூக்கி என்பதால் பயிற்சியை அங்கிருந்தே தொடங்கலாம். முதலில் உங்களோடு ஏறட்டும். பிறகு ஒரே ஒரு மாடி மட்டும் அவள் தனியாக வர, நீங்கள் மேலே காத்திருங்கள். பதற்றம் பாதியாகக் குறையும்வரை அதையே நாள்தோறும் திரும்பத் திரும்பச் செய்தபின்பே அடுத்த மாடிக்குச் செல்ல வேண்டும். படுக்கையறையிலும் விளக்கொளியைச் சிறிது சிறிதாகக் குறையுங்கள். மனநல மருத்துவர் ஜோசப் வோல்பே 1958இல் விளக்கிய முறையிலிருந்து வளர்ந்த சிகிச்சை இது.

கயிறு கட்டுவதில் தீங்கில்லை. ஆனால் அது இல்லாமல் ஏற மாட்டேன் என்னும் நிலை வந்தால், கழற்றிவிட்டு ஏறுவதையும் பயிற்சியில் ஒரு படியாகச் சேர்த்துக்கொள்ளுங்கள். வீட்டில் யாரும் அவளைக் கேலி செய்ய அனுமதிக்காதீர்கள். இந்த வயதில் அது மிகவும் புண்படுத்தும்.

மயக்கம், ஓடியாடும்போது நெஞ்சுவலி, காரணமின்றி எடை குறைதல் ஆகியவை இருந்தால் இதயத்தையும் தைராய்டையும் பரிசோதிக்க வேண்டும். அவை இல்லாவிட்டாலும், அச்சம் மாதக்கணக்கில் நீடிப்பதால் பலதுறை மருந்தகத்திற்கு (பாலிகிளினிக்) அழைத்துச் சென்று, உளவியல் நிபுணரிடம் அனுப்பும்படி கேளுங்கள். அதற்கிடையில் அவள் மனம் விட்டுப் பேச விரும்பினால், 1771 என்ற தேசிய மனநல உதவி எண்ணை 24 மணி நேரமும் அழைக்கலாம்.