ஆம்புலன்ஸ் விபத்தில் அடிபட்டவருக்கு எந்தக் குறியீடு?

மதுரையில் மெடிக்கல் கோடிங் (நோய், காய விவரங்களைக் குறியீடுகளாக மாற்றும் வேலை) படிப்பதாகவும், ஆம்புலன்ஸ், தீயணைப்பு வண்டி வரும் விபத்துக் கேள்விகள் எல்லா மாதிரித் தேர்விலும் காலை வாருவதாகவும் எழுதியிருக்கிறீர்கள்.

எந்த வண்டி மோதியது என்று தேடுவதை முதலில் விடுங்கள். அடிபட்டவர் எதில் இருந்தார்? ஐசிடி-10-சிஎம் என்ற அமெரிக்க நோய்க் குறியீட்டுப் புத்தகத்தில் சாலை விபத்துகளைப் பெரும்பாலும் இந்தக் கேள்வியை வைத்துத்தான் பிரித்திருக்கிறார்கள். நடந்து போனவர் வி01 முதல் வி09 வரை, சைக்கிள் 10–19, மோட்டார் சைக்கிள் 20–29, மூன்று சக்கர வண்டி 30–39, கார் 40–49. கோரிப்பாளையம் சிக்னலில் சைரனோடு வந்த 108 வண்டி ஒரு பைக்கை இடித்துவிட்டது என்று வைத்துக்கொள்வோம். பைக்கில் வந்தவருக்கு மோட்டார் சைக்கிள் பகுதிதான். அதே மோதலில் வண்டிக்குள் இருந்த மருத்துவ உதவியாளர் விழுந்து மணிக்கட்டை முறித்துக்கொண்டால், அவருக்கு வி86.

இந்த வி86 இருக்கும் இடம்தான் விசித்திரம். கார், வேன் பக்கங்களைப் புரட்டினால் கிடைக்காது. பனியில் ஓடும் வண்டி, மணல்மேட்டில் ஓடும் வண்டி ஆகியவற்றோடு ஆம்புலன்ஸையும் தீயணைப்பு வண்டியையும் ஒரே தலைப்பில் சேர்த்துவிட்டார்கள். யார் இந்த ஏற்பாட்டைச் செய்தார்களோ! பொதுச் சாலையில் நடந்த விபத்தென்றால் ஓட்டுநருக்கு வி86.01, உள்ளே இருந்தவருக்கு வி86.11. ஸ்ட்ரெச்சரில் படுத்திருக்கும் நோயாளியும் இந்தக் கணக்கில் பயணிதான், தயங்க வேண்டாம். ஏறும்போதோ இறங்கும்போதோ அடிபட்டால் வி86.41. மருத்துவமனை வளாகத்துக்குள்ளேயே நடந்தது பொதுச் சாலை விபத்து ஆகாது. அங்கே ஓட்டுநருக்கு 86.51, பயணிக்கு 86.61. போலீஸ் ரோந்து காருக்கு வி86-இல் இடமில்லை, அது கார்தான்.

புதியவர்கள் அதிகம் சறுக்குவது வேறோர் இடத்தில். அமெரிக்க சார்ட்டின் (நோயாளியின் மருத்துவப் பதிவின்) முதல் வரியிலேயே, நோயாளியை ஆம்புலன்ஸில் கொண்டுவந்தார்கள் என்று இருக்கும். உடனே கை வி86-க்குப் போய்விடுகிறது. அந்த வண்டி அவரைச் சுமந்து வந்தது, அவ்வளவே. அவர் வீட்டு மாடிப்படியில் விழுந்தவராக இருக்கலாம். விபத்து எப்படி நடந்தது என்று சொல்லும் பத்தியைப் படித்து முடிக்கும்வரை வி எழுத்தைத் தொடாதீர்கள்.

வி குறியீடு ஒருபோதும் முதலில் வராது. காயம்தான் முதலில்: கழுத்துச் சுளுக்கு என்றால் எஸ்13.4எக்ஸ்எக்ஸ்ஏ, அதன் பின்னால் வி86.11எக்ஸ்ஏ. புள்ளிக்குப் பின் இடம் காலியாக இருந்தால் எக்ஸ் போட்டு நிரப்பி, ஏழாவது எழுத்தை அதன் இடத்தில் உட்கார வைக்க வேண்டும். ஏ என்றால் முதல் வருகை என்று மனப்பாடம் செய்திருப்பீர்கள். அது பாதி உண்மைதான். தீவிர சிகிச்சை நடக்கும்வரை, எத்தனையாவது வருகையானாலும் ஏ, குணமாகும் கட்டத்தில் டி, பின்விளைவுக்கு எஸ். நேர்முகத் தேர்வில் இதைக் கேட்க வாய்ப்புண்டு.

அடிபட்டபோது சம்பள வேலையில் இருந்தாரா, தன்னார்வப் பணியில் இருந்தாரா என்று சொல்லும் ஒய்99-ஐப் பலர் விட்டுவிடுகிறார்கள். ஆம்புலன்ஸ் ஊழியர் சம்பளத்துக்கு வேலை செய்கையில் அடிபட்டால் ஒய்99.0, தன்னார்வத் தீயணைப்பு வீரர் என்றால் ஒய்99.2. பணியிடக் காயத்துக்கு அமெரிக்காவில் தனிக் காப்பீடு உண்டு; எந்தக் காப்பீடு பணம் தர வேண்டும் என்ற கேள்வி எழும்போது இந்த விவரம் முக்கியம். விபத்து நடந்த இடத்துக்கான ஒய்92-ஐப் போலவே இதையும் முதல் சிகிச்சையின்போது ஒரு முறை எழுதினால் போதும்.

உங்கள் கையில் இருப்பது எந்த ஆண்டுப் புத்தகம் என்றும் பாருங்கள். ஒவ்வோர் ஆண்டும் அக்டோபர் 1-இல் புதிய பதிப்பு நடைமுறைக்கு வருகிறது. மின்சார சைக்கிளுக்கு மோட்டார் சைக்கிள் பகுதியில் தனி எண்கள் வந்தது 2022 அக்டோபரில்தான். முன்பு படித்தவரிடம் வாங்கிய பழைய பிரதியாக இருந்தால் வி20 முதல் வி29 வரையுள்ள பக்கங்களை நம்பாதீர்கள்.