“எதில் சதவீதம்?”: வாசகர் கேள்விகளும் பதில்களும்

கே: மகள் எட்டாம் வகுப்பு. 35 சதவீதத்தைப் பின்னமாக்கு என்றால் உடனே செய்துவிடுகிறாள். அதுவே ‘ஒரு கடைக்காரர்…’ என்று வாக்கியக் கணக்காக வந்தால் திணறுகிறாள். என்ன செய்வது?

ப: கணக்கைப் படித்ததும் பெருக்க ஆரம்பிக்க விடாதீர்கள், அம்மா. சதவீதக் குறி எங்கே இருக்கிறதோ அதன் மேலே பென்சிலால் “எதில்?” என்று எழுதச் சொல்லுங்கள். லாபமும் நட்டமும் அடக்க விலையில். தள்ளுபடி குறித்த விலையில். மக்கள்தொகை உயர்வு என்றால் பழைய எண்ணிக்கையில். அந்தப் பதில்தான் 100.

சட்டையை 630 ரூபாய்க்கு விற்றதில் 10% நட்டம், அடக்க விலை என்ன? நான் திருத்திய விடைத்தாள்களில் பாதிக்குப் பாதி 693 என்றுதான் இருக்கும். 630இல் 10 சதவீதம் 63, அதைக் கூட்டிவிட்டார்கள். ஆனால் நட்டம் 630இல் இல்லையே! அடக்க விலை 100 என்றால் விற்ற விலை 90. 90 பங்கு 630 ரூபாய், ஒரு பங்கு 7 ரூபாய், 100 பங்கு 700. சரிபார்க்கவும் சொல்லிக்கொடுங்கள்: 700இல் 70 போனால் 630. பிள்ளைகள் சோம்பல்படுவது இந்தக் கடைசி வரிக்குத்தான்.

கே: விலையை 20% ஏற்றி, பிறகு 20% குறைத்தால் பழைய விலைதானே வர வேண்டும்?

ப: வராது. 500 ரூபாய் 600 ஆகும். குறைப்பது 600இல் 20%, அதாவது 120. மிஞ்சுவது 480.

கே: குரூப் 4 தேர்வுக்குப் படிக்கிறேன். இரண்டு பொருள்களை ஒரே விலைக்கு விற்று, ஒன்றில் 10% லாபம், இன்னொன்றில் 10% நட்டம் என்றால் எப்போதும் நட்டம்தான் என்கிறார்கள். உண்மையா?

ப: உண்மைதான் தம்பி. இரண்டும் 990க்கு விற்றதாக வைத்துக்கொள்ளுங்கள். ஒன்றின் அடக்கம் 900, மற்றதன் அடக்கம் 1,100. போட்டது 2,000, வந்தது 1,980. நட்டம் 1%. சதவீதத்தை அதனாலேயே பெருக்கி 100ஆல் வகுக்கும் குறுக்குவழி உங்களுக்குத் தெரிந்திருக்கும். அது விற்ற விலை சமமானால் மட்டும். வாங்கிய விலை சமம் என்று கேள்வியை லேசாகத் திருப்பிப் போட்டால் லாபமும் இல்லை, நட்டமும் இல்லை. சூத்திரத்தை மட்டும் மனப்பாடம் செய்தவர்கள் அங்கேதான் மாட்டுகிறார்கள்.

கே: 18% ஜிஎஸ்டி சேர்த்து 1,180 ரூபாய் பில். வரியில்லாத விலை காண 18 சதவீதத்தைக் கழித்தால் 967.60 வருகிறதே?

ப: 1,180 என்பது 118 பங்கு. 1.18ஆல் வகுத்தால் 1,000.

கே: 80% நீருள்ள 10 கிலோ திராட்சையைக் காயவைத்து, 20% நீருள்ள உலர்திராட்சை ஆக்கினால் எடை எவ்வளவு? மகன் 4 கிலோ என்கிறான், எனக்குப் பிடிபடவில்லை.

ப: 60% நீர் போய்விட்டது என்று 6 கிலோவைக் கழித்திருப்பான். இந்தக் கணக்கில் நீரைத் தொடவே கூடாது, மாறாதது எது என்று பாருங்கள். சதைப்பகுதி முதலில் 2 கிலோ, காய்ந்த பிறகும் அதே 2 கிலோ. முன்பு அது மொத்தத்தில் 20%, இப்போது 80%. இரண்டு கிலோ 80 பங்கு என்றால் 100 பங்கு 2.5 கிலோ. கடையில் உலர்திராட்சை ஏன் அந்த விலை சொல்கிறார்கள் என்பதும் இப்போது புரிந்திருக்குமே!