வாயுதூத்: காலி இருக்கைக்குக் காசு கொடுத்தது யார்?

கேள்வி: எங்கள் ஊருக்கு ஒரு காலத்தில் பயணிகள் விமானம் வந்து போனதாக அப்பா சொல்கிறார். 'வாயுதூத்' என்று பெயரும் சொல்கிறார். அப்படி ஒரு நிறுவனம் இருந்ததா? இருந்தால் ஏன் மூடினார்கள்? (நெய்வேலி வாசகர்)

பதில்: அப்பாவின் நினைவு சரியானதுதான். நெய்வேலிக்கு மட்டுமல்ல, தஞ்சாவூருக்கும் புதுச்சேரிக்கும்கூட வாயுதூத் விமானங்கள் வந்து போயின. ஏர் இந்தியா, இந்தியன் ஏர்லைன்ஸ் ஆகிய இரண்டு அரசு நிறுவனங்களும் கூட்டாக 1981 ஜனவரியில் இதைத் தொடங்கின. மலையும் ஆறும் குறுக்கே கிடப்பதால் சாலைப் பயணம் நாள்கணக்கில் நீளும் வடகிழக்கு மாநிலங்களை இணைப்பதே முதல் நோக்கம். இந்தியன் ஏர்லைன்ஸ் பயன்படுத்திய ஃபோக்கர் எஃப்-27 போன்ற விமானங்கள்தாம் தொடக்கத்தில் ஓடின. எண்பதுகளின் நடுவில் ஜெர்மானிய வடிவமைப்பான டோர்னியர் 228 வந்து சேர்ந்தது. உரிமம் பெற்று அதைக் கான்பூரிலேயே இந்துஸ்தான் ஏரோநாட்டிக்ஸ் நிறுவனம் தயாரிக்கவும் தொடங்கியது.

அந்த டோர்னியரைப் பற்றிக் கொஞ்சம் சொல்லத்தான் வேண்டும். அதிகபட்சம் 19 இருக்கைகள். நடைவழிக்கு இந்தப் பக்கம் ஒன்று, அந்தப் பக்கம் ஒன்று. எனவே எல்லாருக்குமே சன்னலோர இருக்கை என்ற பாக்கியம் வாய்த்தது. ஆனால் உட்புற உயரம் ஏறத்தாழ ஒன்றரை மீட்டர்தான் என்பதால், தலைமைச் செயலாளரே வந்தாலும் குனிந்துதான் இருக்கைக்குப் போகவேண்டும். உள்ளே காற்றழுத்தத்தைச் சீராக வைக்கும் ஏற்பாடு இல்லாததால் பெரும்பாலும் 10,000 அடிக்குக் கீழேயே பறக்கவேண்டியிருந்தது. ஜெட் விமானம் ஏறிக் கடந்துவிடும் பருவமழை மேகங்களை இது ஒதுங்கிப் போகவேண்டும், அல்லது கிளம்பாமலே இருக்கவேண்டும். மறுபுறம், குறுகிய ஓடுதளமே போதும் என்பது அதன் பெரிய பலம். இலட்சத்தீவின் அகத்தித் தீவில் 1988இல் விமான நிலையம் திறக்கப்பட்டபோது அங்கே போய் இறங்கியது இந்த ரகம்தான்.

வடகிழக்குக்கென்று பிறந்த நிறுவனம் சில ஆண்டுகளிலேயே நாடு முழுவதும் பரவியது. தங்கள் ஊருக்கும் விமானம் வேண்டும் என்று மாநில அரசுகளும் மக்கள் பிரதிநிதிகளும் கேட்கக் கேட்க, தடங்கள் கூடின. விமானங்கள் அந்த வேகத்தில் கூடவில்லை. இங்கேதான் கணக்கு இடித்தது. குறுந்தடத்தில் பறக்கும் விமானம் மேலே ஏறுவதற்கே எரிபொருளின் பெரும்பங்கைச் செலவழித்துவிடும்; விமானிகள் இருவரின் சம்பளம், பராமரிப்பு, ஒவ்வொரு ஊரிலும் ஓர் அலுவலகம் என்று வரும் செலவு, உள்ளே 19 பேர் இருந்தாலும் 7 பேர் இருந்தாலும் ஒன்றுதான். டிக்கெட் விலையை ஏற்றினால், பயணி இரவு ரயிலில் படுத்து உறங்கி விடியற்காலையில் சென்னையில் இறங்கிவிடுவார். ஆகவே இத்தகைய தடங்களில் நட்டம் வருவது நிர்வாகத்தின் குற்றம் என்பதைவிட, தொழிலின் இயல்பு என்பதே பொருந்தும். அந்த நட்டத்தை யார், எவ்வளவு காலம் ஏற்பது என்பதைத் தடம் தொடங்கும் முன்பே உறுதியாக எழுதி வைக்காததுதான் வாயுதூத்தை வீழ்த்தியது என்பது என் கருத்து. விமானம் கேட்டவர்களுக்குப் பெயர் கிடைத்தது, ஓட்டியவர்களுக்குக் கடன் மிஞ்சியது. 1993இல் இந்தியன் ஏர்லைன்ஸுடன் இணைக்கப்பட்டு நிறுவனம் தன் தனி வாழ்வை முடித்துக்கொண்டது. மறு ஆண்டே விமானத் தொழிலில் அரசின் ஏகபோகத்துக்குச் சட்டப்படியும் முடிவு வந்தது; புதிதாக வந்த தனியார் நிறுவனங்கள் பெருநகரத் தடங்களையே நாடின.

கேள்வி: விபத்துகளால்தான் அதை மூடினார்கள் என்று கேள்விப்பட்டேனே? (தஞ்சாவூர் வாசகர்)

பதில்: விபத்துகள் நடந்தன; நிறுவனத்தின் பெயரும் கெட்டது. 1988 அக்டோபர் 19 அன்று குவாஹாட்டி அருகே வாயுதூத்தின் ஃபோக்கர் விமானம் விழுந்ததில் அதிலிருந்த 34 பேரும் இறந்தனர். அடுத்த ஆண்டு செப்டம்பரில் மகாராஷ்டிரத்தின் உஜனி நீர்த்தேக்கத்தில் ஒரு டோர்னியர் விழுந்து 11 பேர் மாண்டனர். ஆனால் குவாஹாட்டி விபத்து நடந்த அதே நாள் காலையில்தான், அகமதாபாத்தில் இந்தியன் ஏர்லைன்ஸின் போயிங் 737 விழுந்து 130க்கும் மேற்பட்டோர் இறந்தனர். அந்த நிறுவனத்தை யாரும் மூடவில்லை. எனவே விபத்துதான் காரணம் என்பது பொருந்தாது.

கேள்வி: இப்போதைய 'உடான்' திட்டம் அதே கதைதானா? (புதுச்சேரி வாசகர்)

பதில்: முழுவதும் அதே கதையல்ல. சிறு நகரங்களை விமானத்தால் இணைக்கும் மத்திய அரசுத் திட்டமாக 2017இல் பறக்கத் தொடங்கிய உடானில், காலி இருக்கைக்கு யார் காசு கொடுப்பது என்பது எழுத்தில் இருக்கிறது: ஒரு பகுதி இருக்கைகளுக்குக் கட்டண உச்சவரம்பு, அதனால் வரும் இழப்புக்கு 3 ஆண்டுகள் மானியம். சிக்கல் நான்காம் ஆண்டில் வருகிறது. மத்திய தணிக்கைத் துறையின் 2023ஆம் ஆண்டு அறிக்கைப்படி, ஏலத்தின் மூன்றாம் சுற்று வரை விமான நிறுவனங்களுக்கு வழங்கப்பட்ட 774 தடங்களில் 371 மட்டுமே தொடங்கின. 3 ஆண்டுகளை நிறைவு செய்தவை 112. மானியம் நின்ற பிறகும் ஓடியவை 54.

இன்னொன்று: 2022 ஏப்ரலில் அலையன்ஸ் ஏர் நிறுவனம் அசாமின் திப்ருகரிலிருந்து அருணாசலத்தின் பாசிகாட்டுக்கு 17 இருக்கை விமானம் ஒன்றை இயக்கத் தொடங்கியது. கான்பூரில் செய்த அதே டோர்னியர் 228தான் அது.